முப்பத்தொரு கிராம்

எஸ்பேரா சுரங்கத்தில் கல் தரம் பிரிப்பவள் நான்.
எஸ்பேரா என்றால் காத்திருப்பு.
கூர்வேலோவுக்கு வடக்கே, பஸ் திரும்பிப் போகும் இடத்துக்கும் அப்பால்,
செம்மண்ணுக்குள் படிகங்கள்
யார் யாருடைய நேரத்தையோ குடித்துக்கொண்டு கிடக்கின்றன.

எப்படிக் குடிக்கின்றன என்று என்னைக் கேட்காதீர்கள்.
பெலோ ஹொரிசோன்ட்டேயிலிருந்து வந்த பொறியாளர்
ஒரு மதியம் முழுக்க விளக்கினார்.
அவர் பூட்ஸின் பளபளப்புதான் நினைவில் நிற்கிறது.

நாக்கு நுனியில் வைத்தால் தெரிந்துவிடும்.
வங்கி வரிசையில் நின்ற நேரம் துருப்போல,
அது மலிவு, கூடை கூடையாக வரும்.
காய்ச்சலில் கிடந்த நேரம் வெதுவெதுக்கும்.
பிரசவ நேரத்தை யாரும் வாங்குவதில்லை.
கால்பந்தின் கடைசி ஐந்து நிமிடத்துக்கு
சாவ் பாவ்லோவில் எப்போதும் கிராக்கி.
பணம் உள்ளவர்கள் கல்லைச் சூடாக்கி
தேர்வுக்கு முந்தின இரவை,
சாகக் கிடக்கும் தகப்பன் கையெழுத்திடும் வரை அவன் மூச்சை,
கொஞ்சம் இழுத்துக்கொள்கிறார்களாம்.
இழுக்கட்டும்.
கிராமுக்கு இவ்வளவு என்று எழுதியதும் என் வேலை முடிந்தது.

மார்ச்சில், மழை விட்ட மறுநாள்,
ஜுவெனால் இறக்கிய கூடையில் ஒரு கல்.
கட்டைவிரல் தடிமன். அடியில் புகைக்கறை.
நாக்கில் வைத்தேன்.
காப்பி. நாய்முடி.
மூன்று வருஷத்துக்கு முந்தைய என் சமையலறை.

ஒசியாஸ் ஒரு பூட்ஸைத் தேடிக்கொண்டிருந்தான்.

அவ்வளவுதான், பதினொரு நிமிடம்.
முத்தம் இல்லை, கடைசி வார்த்தை இல்லை.
ஒற்றைக் காலில் நொண்டுகிறான்,
பூட்ஸைத் திட்டுகிறான், தைத்தவனைத் திட்டுகிறான்,
தெருவில் லாரி ஹாரன் அடிக்கிறது,
அடுப்பிலிருந்து திரும்பாமலே நான்
"நாய்க்குக் கீழே பார்" என்கிறேன்.

நான்தான் சொன்னேன்.
லாரி தவறியிருந்தால் அன்று அவன் குழியில் இறங்கியிருக்க மாட்டான்.
மதியம் குழி இடிந்தது.
இதைப் பாதிரியாரிடம்கூடச் சொன்னதில்லை,
அவரிடம் கோழி திருடியதைச் சொன்னேன்.

கல்லின் நியாயம் இங்கே சின்னப் பிள்ளைக்கும் தெரியும்:
ஒரு தடவைதான் திறக்கும்.
உள்ளே எதை மாற்றினாலும் உள்ளோடு சரி,
வெளியே இடிந்தது இடிந்ததே.
தெரிந்தும், எடை போட்டுவிட்டு, பேரேட்டில் ஏற்றாமல்
ஏப்ரன் பைக்குள் போட்டுக்கொண்டேன்.
முப்பத்தொரு கிராம்.
பதினேழு வருஷத்தில் என் முதல் திருட்டு,
கோழியை விட்டுவிட்டால்.

இரவு, விளக்குச் சிம்னியின் மேல் வைத்தேன்.
கல் ஒருமுறை விரல் சொடுக்கியது போல் ஒலித்தது.
சுவர்க் கடிகாரம் நின்றது.
அவன் வந்தான்,
ஒரு காலில் பூட்ஸ், ஒரு காலில் காலுறை,
பெருவிரலில் ஓட்டை.
நான் நாயைத் தள்ளினேன், பூட்ஸை இழுத்தேன்,
பாவாடையை விரித்து அதன்மேல் உட்கார்ந்தேன்.

"உட்கார்ந்துகொண்டு என்ன பார்க்கிறாய், தேடு!"
தேடுகிறேன் என்றேன்.
சாம்பலைக் கிளறினான். மாவுப் பீப்பாயைத் திறந்தான்.
பூட்ஸின் குதிகால் என் தொடையில் குத்தியது.
லாரி கூப்பிட்டது. மறுபடி கூப்பிட்டது.
பத்தாவது நிமிடத்தில் போயே விட்டது.

வாசலில் நின்று புழுதியைப் பார்த்தான்.
ஓட்டுநரின் தாயைப் பற்றி ஒரு வார்த்தை சொன்னான்.
பிறகு என் பக்கம் திரும்பி,
"சரி, காப்பியாவது ஊற்று."

ஊற்றினேன்.
கோப்பை பாதிகூட நிறையவில்லை.

விடிந்தபோது அது மேசையில் ஆறிக் கிடந்தது.
தூக்கக் கலக்கத்தில் எனக்கே ஊற்றியிருக்கலாம்.
நாக்கில் வைத்துப் பார்த்தேன்: சர்க்கரை.
நான் சர்க்கரை போடுவதில்லை.
முழுவதையும் குடித்துவிட்டு வேலைக்குப் போனேன்.

கல் கிணற்றுத் தண்ணீராகத் தெளிந்திருந்தது.
தராசு முப்பது காட்டியது.
பேரேட்டில் எழுதினேன்:
காலி. மூன்றாம் தரம். கண்ணாடி அறுப்பவர்களுக்கு.
குறைந்த ஒரு கிராமுக்குக் கட்டம் எதுவும் இல்லை.

அடுத்த கூடை என்று கத்தினேன்.
ஜுவெனால், ஏன் நொண்டுகிறாய் என்றான்.